சீன் பேப்பர்: திரைக்கதை எழுத வருவோரின் கேள்விகளும் பதில்களும்

சின்னத்திரைக்கும் சினிமாவுக்கும் எழுதுவதைத் தொழிலாக எடுத்துக்கொள்ள நினைப்பவர்களிடமிருந்து நிறையக் கடிதங்கள் வந்தன. ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்து இங்கே பதில் தருகிறோம். கேட்டவர்களின் பெயரை விட்டுவிட்டு ஊரை மட்டும் போட்டிருக்கிறோம், சிலர் இப்போதும் அதே இடத்தில் வேலை பார்ப்பவர்கள் என்பதால்.

கதை, திரைக்கதை, வசனம் என்று டைட்டிலில் மூன்றாகப் போடுகிறார்களே, மூன்றும் வெவ்வேறு ஆட்கள் செய்யும் வேலையா? இதில் புதியவர் எதில் நுழைவது?
— வாசகர், திண்டுக்கல்

சினிமாவில் பெரும்பாலும் மூன்றும் இயக்குநரின் பெயரிலேயே வரும். சீரியலில் உண்மையிலேயே மூன்று ஆட்கள் இருப்பார்கள். கதை எழுதியவர் மூல முடிச்சையும் பாத்திரங்களையும் கொடுத்துவிட்டு ஒதுங்கியிருக்கலாம். திரைக்கதை எழுதுபவர் வாராவாரம் எந்த எபிசோடில் என்ன நடக்கிறது, எந்த சீனுக்குப் பின் எந்த சீன் என்று பிரித்துக் கொடுப்பார். அந்த சீன் ஆர்டரை வாங்கி, பாத்திரங்கள் வாய் திறந்து பேசும்படி எழுதுபவர் வசனகர்த்தா.

மூன்றும் வெவ்வேறு திறமைகள் என்பதைத் தேசிய விருதுகளிலும் பார்க்கலாம். மூலத் திரைக்கதை, தழுவல் திரைக்கதை, வசனம் என்று அங்கே தனித்தனி விருதுகள் இருந்திருக்கின்றன. 2020-ஆம் ஆண்டுக்கான விருதுகளில் மூலத் திரைக்கதைக்கு ‘சூரரைப் போற்று’, வசனத்துக்கு ‘மண்டேலா’ என இரண்டு தமிழ்ப் படங்கள் வெவ்வேறு பிரிவில் வென்றன.

புதியவருக்குச் சீக்கிரம் திறக்கும் கதவு சீரியல் வசனம்தான். காரணம் எளிது: அங்கே ஒவ்வொரு நாளும் எழுத்து தேவைப்படுகிறது. ஒரு வசனகர்த்தாவிடம் உதவியாளராகச் சேர்ந்து 3 மாதம் சீன் எழுதிக் கொடுத்தால், உங்களால் முடியுமா முடியாதா என்பது இரு தரப்புக்கும் தெரிந்துவிடும். சினிமாவில் உதவி இயக்குநராகச் சேர்ந்து கதை விவாதத்தில் உட்காருவதே இன்னும் பழகிய வழி. அதற்குப் படப்பிடிப்பின் ஓட்டத்தையும் சேர்த்துத் தாங்க வேண்டும். எழுத மட்டும் விரும்புகிறவர்கள் பலர் அங்கே களைத்துப்போகிறார்கள்.

ஒரு சீரியல் எபிசோடு எப்படி எழுதப்படுகிறது? ஒரு நாளைக்கு எவ்வளவு எழுத வேண்டும்?
— வாசகி, விழுப்புரம்

அரை மணி நேர இடத்தில் விளம்பரம் போக உங்களுக்குக் கிடைப்பது சுமார் 20 முதல் 22 நிமிடம். வாரத்துக்கு 6 நாள் ஒளிபரப்பு என்றால் வருடத்துக்கு 300 எபிசோடைத் தாண்டும். இந்தக் கணக்கை முதலில் மனத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். ஒரு நாள் எழுதாமல் விட்டால் மறுநாள் இரண்டு எபிசோடு எழுத வேண்டியிருக்கும்.

வேலை மேலிருந்து கீழே இறங்கும். முதலில் சேனலின் கிரியேட்டிவ் குழுவோடு உட்கார்ந்து அடுத்த ஒன்றிரண்டு மாதத்துக்கான ட்ராக் முடிவாகும். உதாரணமாக, ‘மருமகளின் பழைய கடன் வீட்டுக்குத் தெரியவருகிறது’ என்பது ஒரு ட்ராக். அதை வாரங்களாகப் பிரித்து, ஒவ்வொரு வாரத்தின் உச்சம் எது என்று குறிப்பார்கள். பிறகு எபிசோடு வாரியாக ஒன்லைன் (நடப்பதை ஓரிரு வரியில் சொல்வது), அதிலிருந்து சீன் ஆர்டர், கடைசியில் வசனம். ஒவ்வொரு விளம்பர இடைவெளிக்கு முன்னும் பார்ப்பவரைப் பிடித்து வைக்கும் ஒரு சிறு கொக்கி, எபிசோடு முடிவில் பெரிய கொக்கி. முடிவுக் கொக்கியை முதலில் எழுதிவிட்டு அதை நோக்கி சீன்களை அடுக்குங்கள். முதல் சீனிலிருந்து எழுதிக்கொண்டே போனால் 17-ஆம் நிமிடத்தில் விஷயம் தீர்ந்து, மீதியை எல்லோரும் மாறி மாறி முகம் பார்ப்பதில் கழிக்க வேண்டிவரும்.

புதியவர்கள் தடுமாறுவது கால்ஷீட்டில். கதாநாயகி மாதத்தில் இத்தனை நாள்தான் வருவார், மாமியாராக நடிப்பவர் வேறொரு சீரியலிலும் இருக்கிறார், கோயில் லொகேஷன் ஒரு நாள்தான் கிடைக்கும் என்ற விவரங்களைத் தயாரிப்பு நிர்வாகியிடம் கேட்டு வாங்கி மேசையில் ஒட்டி வையுங்கள். யார் இல்லையோ அவரைப் பற்றி மற்றவர்கள் பேசும் சீனாக மாற்றத் தெரிந்தவரே இங்கே நிலைக்கிறார்.

அடுத்தது ‘கதை நாள்’. படப்பிடிப்பு எபிசோடு வரிசையில் நடக்காது. நான்கு எபிசோடுகளின் ஹால் சீன்களை ஒரே நாளில் எடுப்பார்கள், சமையலறை சீன்களை மறுநாள். எனவே ஒவ்வொரு சீன் தலைப்பிலும் கதை நாள் 1, கதை நாள் 2 என்று எழுத வேண்டும். எபிசோடு 45-இன் கடைசி சீனும் 46-இன் முதல் சீனும் ஒரே கதை நாள் என்பதை நீங்கள் குறிக்காமல் விட்டால், கதவைத் திறக்கும்போது பச்சைப் புடவையில் இருந்தவர் உள்ளே வரும்போது சிவப்புப் புடவையில் இருப்பார். பழி காஸ்ட்யூம் உதவியாளர் மேல் விழும், தவறு பேப்பரில் இருக்கும்.

வசனத்தின் நீளத்தையும் கவனியுங்கள். சீரியலில் பல முன்னணி நடிகர்களுக்குத் தாய்மொழி கன்னடமோ மலையாளமோ தெலுங்கோதான். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று ஒருவர் ப்ராம்ப்ட் கொடுப்பார், நடிகர் திருப்பிச் சொல்வார், பிறகு டப்பிங்கில் வேறு குரல் வரும். ஒரே மூச்சில் 15 வார்த்தை ஓடும் வாக்கியம் இந்த மூன்று கைகளைத் தாண்டும்போது உடைந்துவிடுகிறது. 5, 6 வார்த்தைக்கு ஒரு நிறுத்தம் வரும்படி எழுதினால் ப்ராம்ப்ட்டும் சுலபம், டப்பிங்கில் உதட்டசைவும் பொருந்தும்.

கடைசியாக, வியாழக்கிழமை. எத்தனை பேர் பார்த்தார்கள் என்று அளக்கும் ‘பார்க்’ அமைப்பின் டி.ஆர்.பி. எண்கள் அன்றுதான் வரும். எண் இறங்கினால் அடுத்த வார ட்ராக் அன்று மாலையே மாறலாம். எழுதி முடித்த 6 எபிசோடில் 3-ஐத் தூக்கிப் போட வேண்டிவரும். ஒளிபரப்புக்கும் எழுத்துக்கும் நடுவில் எடுத்து முடித்த எபிசோடுகள் கையிருப்பில் இருந்தால் (‘பேங்க்’ என்பார்கள்) இந்த அடியைத் தாங்கலாம். பேங்க் இல்லாத யூனிட்டில், காலையில் எழுதிய சீன் மதியம் எடுக்கப்பட்டு மறுநாளே ஒளிபரப்பாகும். அங்கே எவ்வளவு நல்ல எழுத்தாளராலும் தரத்தைக் காப்பாற்ற முடியாது. சேரும் முன் ‘எத்தனை எபிசோடு பேங்க் வைத்திருக்கிறீர்கள்?’ என்று கேட்பது உங்கள் உரிமை.

திரைக்கதையைத் தமிழில் எந்த வடிவத்தில் எழுதுவது? ஆங்கில மென்பொருள்களில் தமிழ் எழுத்து உடைகிறது.
— வாசகர், கும்பகோணம்

ஆங்கிலத்தில் கூரியர் எழுத்துரு, 12 புள்ளி, இடது ஓரம் ஒன்றரை அங்குலம் என்று ஒரு கட்டுக்கோப்பு உண்டு. அப்படி எழுதினால் ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடப் படம் என்பது அவர்கள் கணக்கு. அந்தக் கணக்கு தமிழுக்குச் செல்லாது. கூரியரில் தமிழ் எழுத்துகளே கிடையாது. நம் சொற்களும் நீளமானவை, ஒரே வசனம் தமிழில் கூடுதல் வரிகளைப் பிடிக்கும். 120 பக்கம் வந்துவிட்டது, எனவே 2 மணி நேரப் படம் என்று நினைக்காதீர்கள். ஒவ்வொரு சீனையும் வாய்விட்டுப் படித்து, நடப்பது, கதவு திறப்பது, மௌனம் எல்லாவற்றுக்கும் இடம் விட்டு, கைப்பேசியில் நேரம் பிடித்து ஓரத்தில் எழுதுங்கள்.

தமிழில் நெடுங்காலமாகப் புழங்கும் வடிவம், பக்கத்தை இரண்டாகப் பிரித்து இடப்பக்கம் காட்சி விவரம், வலப்பக்கம் வசனம் என்பது. படப்பிடிப்புத் தளத்தில் இது இன்றும் வசதிதான், நடிகர் வலப்பக்கம் மட்டும் பார்த்துக்கொள்வார். ஓடிடி நிறுவனங்களும் வெளிமாநிலத் தயாரிப்பாளர்களும் கேட்பது சர்வதேச வடிவத்தை. இரண்டும் தெரிந்திருப்பது நல்லது.

எந்த வடிவமானாலும் சீன் தலைப்பில் இவை கட்டாயம்: காட்சி எண், உள்ளே அல்லது வெளியே, இடம், அந்த இடத்தின் எந்தப் பகுதி, பகல் அல்லது இரவு, இருக்கும் பாத்திரங்கள். ‘காட்சி 14, உள்ளே, சாரதா வீடு, சமையலறை, இரவு. சாரதா, மணி’ என்பது போல. ‘சாரதா வீடு’ என்று ஓரிடத்திலும் ‘அம்மா வீடு’ என்று இன்னோரிடத்திலும் எழுதினால் உதவி இயக்குநர் அதை இரண்டு லொகேஷனாகப் பிரித்து பட்ஜெட்டில் ஏற்றிவிடுவார். நடுவில் ஒரு சீன் சேர்த்தால் எண்களை மாற்றாதீர்கள், 14ஏ என்று போடுங்கள். ஷெட்யூல் பழைய எண்ணில்தான் ஓடிக்கொண்டிருக்கும்.

மென்பொருளில், இந்திய மொழிகளை மனத்தில் வைத்து இந்தியாவிலேயே உருவான ‘ஸ்க்ரைட்’ தமிழை ஒழுங்காகக் கையாள்கிறது. அதுவும் வேண்டாம் என்றால் சாதாரண வேர்ட் கோப்பில் யூனிகோடில் எழுதி, அனுப்பும்போது பி.டி.எஃப். ஆக மாற்றுங்கள். பழைய எழுத்துருக் குறியீடுகளில் தட்டச்சு செய்தால் அடுத்தவர் கணினியில் கிறுக்கலாகத் தெரியும்.

என் குறும்படத்தைப் பார்த்தவர்கள் வசனம் நாடகம் மாதிரி இருக்கிறது என்கிறார்கள். எங்கே பிழை?
— வாசகர், தூத்துக்குடி

நீங்கள் அனுப்பிய பக்கத்தில் தம்பி சொல்கிறான்: ‘அண்ணா, நம்ம அப்பா செத்து மூணு வருஷம் ஆச்சு. அம்மா ஆபரேஷனுக்கு ரெண்டு லட்சம் வேணும்னு உனக்கே தெரியும். நீதான் மூத்தவன், நீ உதவி பண்ணலேன்னா யாரு பண்ணுவா?’ இதில் உள்ள எல்லாமே அண்ணனுக்கு ஏற்கெனவே தெரிந்தது. தம்பி பேசுவது பார்வையாளரிடம். நாடகத்தனம் வருவது அங்கிருந்துதான், குரலை ஏற்றிப் பேசுவதால் மட்டுமல்ல.

இப்படி மாற்றிப் பாருங்கள். அண்ணன் பைக்கைத் துடைத்துக்கொண்டிருக்கிறான். தம்பி ஆஸ்பத்திரி ஃபைலை சீட்டின் மேல் வைக்கிறான்.

‘டாக்டர் செவ்வாக்கெழமைன்னு சொல்லிட்டாரு.’
‘இந்தச் செவ்வாயா?’
‘ஒனக்கு எந்தச் செவ்வாய் தோதுப்படும்?’

பணம் என்ற சொல்லே வரவில்லை, ஆனால் பணத்தைப் பற்றித்தான் பேசுகிறார்கள். அண்ணன் ஃபைலைத் தொடாமல் தொடர்ந்து துடைத்தால் பதிலும் வந்துவிட்டது.

எழுதி முடித்த சீனில் முதல் இரண்டு வசனத்தையும் கடைசி இரண்டையும் விரலால் மறைத்துப் படியுங்கள். சீன் புரிந்தால் வெட்டிவிடுங்கள், பெரும்பாலும் புரியும். வரிக்கு வரி ‘அண்ணா’, ‘அம்மா’ என்று விளிப்பதையும் குறையுங்கள். வீட்டில் நாம் ஒருவரை அழைப்பது கூப்பிடும்போதோ கெஞ்சும்போதோ கோபத்திலோதான்.

வட்டார வழக்கு எழுதுவதாக இருந்தால் விளிச்சொல்லோடு நின்றுவிடாதீர்கள். சென்னைப் பேச்சை எழுதிவிட்டு வரிக்கு ஒரு ‘ஏலே’ போட்டால் திருநெல்வேலி ஆகாது. ‘சொல்றேன்’ அங்கே ‘சொல்லுதேன்’ ஆகும், கோவைப் பக்கம் ‘சொல்றேனுங்க’ ஆகும். வினைச்சொல்லின் வால் மாறவில்லை என்றால் அந்த ஊர்க்காரர் முதல் நிமிடத்திலேயே கண்டுபிடித்துவிடுவார்.

தயாரிப்பாளரிடம் கதை சொல்ல நேரம் கிடைத்திருக்கிறது. எதை எடுத்துப் போக வேண்டும்?
— வாசகர், சேலம்

முழு நரேஷன் இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடலாம், ஆனால் முதல் சந்திப்பில் அது கிடைக்காது. 20 நிமிட வடிவம் ஒன்றைத் தனியே தயாரியுங்கள். யாருடைய கதை, அவருக்கு என்ன வேண்டும், குறுக்கே நிற்பது எது, இடைவேளையில் என்ன புரள்கிறது, எப்படி முடிகிறது. முடிவை மறைத்து வைத்து ஆவலைத் தூண்ட நினைக்காதீர்கள். பணம் போடுகிறவருக்கு முடிவு தெரிய வேண்டும். பாடல் எங்கே வரும், இந்த ஷாட் கிரேனில் என்பதெல்லாம் இப்போது வேண்டாம்.

கையில் இரண்டு வரிச் சுருக்கம், ஒரு பக்கக் கதைச்சுருக்கம், 6 முதல் 8 பக்க ட்ரீட்மெண்ட் (வசனமில்லாமல் கதையை வரிசையாக விரித்துச் சொல்வது) மூன்றும் இருக்கட்டும். ஒவ்வொன்றிலும் உங்கள் பெயரும் தேதியும்.

சொல்லிவிட்டு வந்த அன்றே மின்னஞ்சல் அனுப்புங்கள். ‘இன்று மாலை 4 மணிக்கு உங்கள் அலுவலகத்தில் இந்தத் தலைப்பிலான கதையைச் சொன்னேன், கேட்டதற்கு நன்றி, 6 பக்கச் சுருக்கம் இணைப்பில்’ என்று நான்கு வரி போதும். மரியாதைக் கடிதமாகத்தான் இருக்கும், யாருக்கும் உறுத்தாது. ஆனால் யாரிடம், எப்போது, என்ன சொன்னீர்கள் என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி கிடையாது. நம் ஊரில் கதை வாயால் கைமாறுகிறது, சண்டை வரும்போது நீதிமன்றம் காகிதத்தைக் கேட்கிறது.

என் கதையைத் திருடிவிட்டால்? எங்கே பதிவு செய்வது?
— வாசகி, திருச்சி, வாசகர், புதுச்சேரி, இன்னும் பலர்

அதிகக் கடிதங்கள் இதற்குத்தான். முதலில் ஒரு கசப்பான உண்மை: கருவுக்குக் காப்புரிமை கிடையாது. ஆர்.ஜி. ஆனந்த் என்ற நாடக ஆசிரியர் தம் நாடகத்தைத் தழுவியே ஒரு இந்திப் படம் எடுக்கப்பட்டது என்று தொடுத்த வழக்கில், எண்ணம், கருப்பொருள், கதைக்கரு ஆகியவை யாருக்கும் தனிச்சொத்தல்ல, அதை வெளிப்படுத்திய விதத்துக்கே பாதுகாப்பு என்று உச்ச நீதிமன்றம் 1978-இல் தீர்ப்பளித்தது. அவர் தோற்றார். ‘ஒரு விவசாயி கார்ப்பரேட்டை எதிர்க்கிறான்’ என்பது கரு, அதற்கு யாரும் வேலி போட முடியாது. அந்த விவசாயி யார், என்ன வரிசையில் என்னென்ன செய்கிறான், எந்தச் சீனில் எது புரள்கிறது என்று 60 சீனாக எழுதினால் அது உங்கள் வெளிப்பாடு. எனவே ஒன்லைனை மட்டும் பதிந்துவிட்டு நிம்மதியாக இருப்பவருக்குக் கிடைக்கும் பாதுகாப்பு மிகக் கொஞ்சம். எவ்வளவு விரிவாக எழுதிப் பதிகிறீர்களோ அவ்வளவு பலம்.

எழுதிய கணமே காப்புரிமை உங்களுடையது, பதிவு கட்டாயமில்லை. பதிவு எதற்கு என்றால், இந்தத் தேதியில் இது என்னிடம் இருந்தது என்று காட்ட. இதற்கு மூன்று வழிகள் உண்டு. மத்திய அரசின் காப்புரிமை அலுவலகத்தில் இணையம் வழியாக இலக்கியப் படைப்பாகப் பதியலாம், கட்டணம் 500 ரூபாய். விண்ணப்பித்ததும் டைரி எண் (உங்கள் விண்ணப்பத்தின் எண்) வரும், ஆட்சேபத்துக்காக 30 நாள் காத்திருப்பார்கள், பிறகு பரிசீலனை. சான்றிதழ் வர மாதங்கள் ஆகலாம். அந்தப் பதிவேட்டை நீதிமன்றம் முதல்நோக்குச் சான்றாக, அதாவது எதிர்தரப்பு மறுத்து நிரூபிக்கும் வரை செல்லும் சான்றாக, ஏற்கும். சென்னையில் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் உறுப்பினராகிக் கதையைப் பதியலாம். மும்பையில் உள்ள திரைக்கதை எழுத்தாளர் சங்கமும் உறுப்பினர்களுக்கு இணையப் பதிவு வைத்திருக்கிறது.

சங்கப் பதிவின் பயன் தேதியோடு முடிவதில்லை, புகார் வந்தால் இரண்டு கதைகளையும் ஒப்பிட்டுப் பார்க்கவும் அங்கே வழியுண்டு. 2018-இல் ‘சர்கார்’ படத்தின் மீது, சங்கத்தில் தான் முன்பே பதிந்த ‘செங்கோல்’ கதையை வைத்து ஒருவர் உரிமை கோரினார். சங்கம் ஒப்பிட்டுக் கருத்துச் சொன்னது. சென்னை உயர் நீதிமன்றத்தில் சமரசமாகி, படத்தில் அவர் பெயரைக் குறிப்பிட ஒப்புக்கொண்டார்கள். பதிந்த காகிதம் இல்லாமல் அந்தப் பேச்சே தொடங்கியிருக்காது.

தனக்குத்தானே பதிவுத் தபாலில் ஸ்கிரிப்டை அனுப்பி உறையைப் பிரிக்காமல் வைக்கும் பழக்கம் இன்னும் இருக்கிறது. உறையைப் பிரித்து ஒட்டியிருக்கலாம் என்று எதிர்தரப்பு சொன்னால் பதில் சொல்வது கஷ்டம். மேற்சொன்ன பதிவுகளுக்கு அது மாற்றாகாது.

பலர் கவனிக்காத இன்னொரு பாதுகாப்பு உண்டு. நம்பிக்கையின் பேரில் கொடுத்த கான்செப்ட் குறிப்பைக் கொடுத்தவரின் அனுமதியின்றிப் பயன்படுத்துவது நம்பிக்கை மீறல். ஒரு தொலைக்காட்சித் தொடருக்கான குறிப்பு தொடர்பாக பம்பாய் உயர் நீதிமன்றம் 2003-இல் இந்த அடிப்படையில் எழுதியவர் தரப்புக்குச் சாதகமாக நின்றது. இங்கேதான் அந்த நான்கு வரி மின்னஞ்சல் கைகொடுக்கும். அதில் ‘இது உங்கள் பரிசீலனைக்கு மட்டும்’ என்று ஒரு வரி சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஒப்பந்தம் போடும்போது எதைப் பார்க்க வேண்டும்? ‘எல்லா உரிமையும் நிரந்தரமாக’ என்று எழுதியிருக்கிறார்கள்.
— பணியில் இருக்கும் எழுத்தாளர், சென்னை

ஒப்பந்தம் எழுத்தில் இருப்பதே முதல் வெற்றி. காப்புரிமை கைமாற எழுத்தும் கையெழுத்தும் வேண்டும் என்பது சட்டம். எந்தப் படைப்பு, எந்தெந்த உரிமை, எவ்வளவு காலம், எந்த நிலப்பரப்பு, என்ன தொகை என்று அதில் இருக்க வேண்டும். காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டு, நிலப்பரப்பு குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும் என்றே சட்டம் எடுத்துக்கொள்ளும். வாங்கிய உரிமையை ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகும். ஆனால் ‘ஒப்பந்தத்தில் வேறு விதமாகச் சொல்லாத வரை’ என்ற நிபந்தனையும் அதே பிரிவில் இருக்கிறது. தயாரிப்பு நிறுவனங்களின் வக்கீல்கள் இந்தப் பிரிவு பொருந்தாது என்று ஒரு வரியில் எழுதிவிடுவார்கள். கையெழுத்துக்கு முன் அந்த வரியைத் தேடுங்கள். அதை எடுக்க மறுத்தால், ‘3 ஆண்டுக்குள் படப்பிடிப்பு தொடங்காவிட்டால் உரிமை எழுத்தாளருக்குத் திரும்பும்’ என்று சேர்க்கக் கேளுங்கள். இல்லாவிட்டால் எடுக்கப்படாத படத்தின் கதை உங்கள் ஆயுள் முழுக்க அவர்கள் அலமாரியில் கிடக்கும்.

காப்புரிமைச் சட்டத்தின் 2012 திருத்தத்துக்குப் பிறகு, படத்தில் சேர்ந்துள்ள எழுத்துக்கு, திரையரங்கில் படத்தோடு காட்டுவது தவிர மற்ற பயன்பாடுகளில் உரிமை வாங்கியவரோடு சமமாகப் பங்கிட்டு ராயல்டி பெறும் உரிமையை எழுத்தாளர் விட்டுக்கொடுக்கவே முடியாது. வாரிசுக்கோ காப்புரிமைச் சங்கத்துக்கோ (படைப்பாளிகளுக்காக ராயல்டி வசூலிக்கும் அமைப்பு) மட்டும் மாற்றலாம். ‘ராயல்டியைத் துறக்கிறேன்’ என்று எழுதி வாங்கினாலும் அந்த வாசகம் செல்லாது. பாடலாசிரியர்களுக்கு ஐ.பி.ஆர்.எஸ். என்ற அத்தகைய சங்கம் வசூலித்துத் தரும் அளவுக்குத் திரைக்கதையாளர்களுக்கு நடைமுறை இன்னும் வளரவில்லை. ஆனாலும் அந்த வாசகத்தை அடிக்கச் சொல்லுங்கள்.

தொகையைத் தவணையாகப் பிரிக்கும்போது ‘ஃபைனல் டிராஃப்ட் ஒப்புதலானதும் 50 சதவீதம்’ என்று வைக்காதீர்கள். ஒப்புதல் என்பது முடிவே இல்லாத சொல். கையெழுத்தில் 20, ட்ரீட்மெண்டில் 20, முதல் டிராஃப்ட் கொடுத்ததும் 30, இரண்டாவதில் 20, மீதி 10 படப்பிடிப்பின் முதல் நாள் அல்லது ஒப்படைத்த 6 மாதம், எது முந்தியோ அது என்ற பாணியில் கேட்கலாம். ‘ஒப்படைத்ததும்’ என்ற சொல்தான் உங்களைக் காக்கும். எத்தனை திருத்தம் இந்தத் தொகைக்குள் அடங்கும் என்று எண்ணால் எழுதுங்கள்: 2 டிராஃப்ட், ஒரு மெருகேற்றம். அதற்கு மேல் தனித் தொகை.

டைட்டில் கார்டில் பெயர் எந்தச் சொல்லோடு, தனிக் கார்டிலா சேர்த்தா, வேறொரு எழுத்தாளர் பின்னால் சேர்ந்தால் உங்கள் பெயர் என்னவாகும் என்பதையும் எழுதி வாங்குங்கள். ரீமேக் உரிமையைத் தனியாகப் பாருங்கள். தமிழ்க் கதை தெலுங்குக்கும் இந்திக்கும் போகும்போது வரும் பணத்தில் பங்கு கேட்க, படம் வெளிவந்த பிறகு வாய்ப்பில்லை.

கதை விவாதத்துக்கு மட்டும் கூப்பிட்டால் பெரும்பாலும் சாப்பாடும் பேட்டாவும் கிடைக்கும், பெயர் வராது. போவதில் தவறில்லை, அங்கே கற்பது அதிகம். சொந்தக் கதையின் சீனை அந்த மேசையில் வைக்காதீர்கள், அதுபோதும்.

சினிமாவுக்கு எழுதிய கதையை ஓடிடி தொடராக மாற்றித் தரச் சொல்கிறார்கள். நீட்டினால் போதுமா?
— வாசகர், மதுரை

போதாது. 140 நிமிடக் கதையை 40 நிமிடம் வீதம் 8 எபிசோடாக்கினால் 320 நிமிடம் வேண்டும். நீட்டியவர்களின் தொடர்கள் 4-இலிருந்து 6-ஆவது எபிசோடு வரை தொய்வது இதனால்தான். உங்கள் படம் இடைவேளை என்ற ஒரே தூணில் நிற்கிறது. தொடரில் அந்தத் தூண் இல்லை, ஒவ்வொரு எபிசோடுக்கும் சொந்தக் கேள்வியும் சொந்த முடிவும் வேண்டும். துணைப் பாத்திரங்களில் குறைந்தது மூன்று பேருக்குக் கதாநாயகனோடு சம்பந்தமில்லாத சொந்த ஆசையும் சொந்த ரகசியமும் கொடுக்க முடிகிறதா பாருங்கள். முடியவில்லை என்றால் அது படமாகவே இருக்கட்டும், வற்புறுத்தினாலும் மாற்றாதீர்கள்.

முடிந்தால், நீங்கள் தர வேண்டியது 10 முதல் 15 பக்க ‘பைபிள்’ (உலகம், பாத்திரங்கள், எபிசோடுக்கு ஒரு பத்தி) மற்றும் முழுதாக எழுதிய முதல் எபிசோடு. பெரும்பாலான நிறுவனங்கள் இதை ஆங்கிலத்தில் கேட்கும். வசனத்தைத் தமிழிலேயே எழுதி, விவரிப்பை மட்டும் ஆங்கிலத்தில் தருவது உங்கள் பாத்திரங்களின் உயிரைக் காப்பாற்றும்.

நாவலைத் தழுவி எழுதலாமா? யாரிடம் அனுமதி?
— வாசகி, நாகர்கோவில்

எழுத்தாளர் இறந்த ஆண்டு முடிந்து 60 ஆண்டு வரை காப்புரிமை வாரிசுகளிடம் இருக்கும். 1964 அக்டோபரில் இறந்தவருக்கு 2024 டிசம்பர் 31 வரை. தமிழக அரசு நாட்டுடைமையாக்கிய நூல்களுக்கு இந்தக் காத்திருப்பு இல்லை. மொழிபெயர்ப்பைத் தழுவினால் மொழிபெயர்ப்பாளருக்கும் தனி உரிமை உண்டு, மூலநூல் பொதுவுடைமை ஆகியிருந்தாலும்கூட.

உயிரோடு இருப்பவரிடம் முதலில் சிறு தொகைக்கு 12 அல்லது 18 மாத ஆப்ஷன் (அதுவரை வேறு யாருக்கும் தராமல் உங்களுக்காக வைத்திருக்கும் ஒப்பந்தம்) எழுதி வாங்குங்கள், படம் உறுதியானால் மீதி என்று. அனுமதி வரும் முன் முழுத் திரைக்கதை எழுதி முடித்துவிட்டுப் போய் நிற்காதீர்கள். பேரம் பேச உங்கள் கையில் எதுவும் இருக்காது.

படிப்பு அவசியமா? வருமானத்துக்கு வரி எப்படி? இப்போது பார்க்கும் வேலையை எப்போது விடலாம்?
— வாசகர், ஈரோடு

அவசியமில்லை, உதவும். சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் இயக்கமும் திரைக்கதையும் சேர்ந்த 4 ஆண்டுப் பட்டப்படிப்பு உண்டு. புனே, கொல்கத்தா திரைப்படக் கல்வி நிறுவனங்களிலும் எழுத்துக்கான படிப்புகள் நடந்துவருகின்றன. கையில் எழுதி முடித்த திரைக்கதை இருந்தால் மத்திய அரசின் திரைப்பட வளர்ச்சிக் கழகமான என்.எஃப்.டி.சி. நடத்தும் திரைக்கதைப் பட்டறைக்கு விண்ணப்பித்துப் பாருங்கள்.

வரி விஷயத்தில், கம்பெனி 10 சதவீதம் டி.டி.எஸ். பிடித்துக்கொண்டு தரும். அது உங்கள் பான் எண்ணில் ஏறியிருக்கிறதா என்று வருமான வரித் தளத்தில் பாருங்கள். பிடித்துவிட்டுக் கட்டாமல் விடும் யூனிட்டுகள் உண்டு, அப்போது கேட்டால்தான் கிடைக்கும். வரிச் சட்டத்தின் திரைக்கலைஞர் பட்டியலில் கதை, திரைக்கதை, வசனம் எழுதுபவர்களும் அடக்கம். ஆண்டு வரவு 50 லட்சத்துக்குள் இருந்தால் அதில் பாதியை லாபமாகக் காட்டிக் கணக்குப் புத்தகம் இல்லாமலே தாக்கல் செய்யலாம். வரவு 20 லட்சத்தைத் தாண்டினால் ஜி.எஸ்.டி. பதிவு வரும், அதற்கு முன்பே ஆடிட்டரைப் பாருங்கள்.

வேலையை எப்போது விடலாம் என்றும் கேட்டிருக்கிறீர்கள். சீரியலில் தொகை எபிசோடு கணக்கில், பெரும்பாலும் ஒளிபரப்பான பிறகு, மாதம் தள்ளி வரும். சீரியல் ஒரு வியாழக்கிழமை எண்ணில் நின்றும் போகலாம். 8 மாத வீட்டுச் செலவு வங்கியில் இல்லாமல் ராஜினாமாக் கடிதம் கொடுக்க வேண்டாம். அதுவரை காலை 5 முதல் 7 வரை எழுதுங்கள். நாளுக்கு ஒன்றரைப் பக்கம் என்றால் 80 நாளில் முதல் டிராஃப்ட் முடிந்துவிடும்.